கப்பலேறாத கர்னல்

1982 மார்ச் 28, ஞாயிறு

ஈர இலை. அவ்வளவுதான் காரணம்.

கூரையோரத் தகரத்தில் இலை அடைத்துக்கொண்டு, சமையலறைச் சுவரில் தண்ணீர் வழிகிறது என்று வெரிட்டி குளிர்காலம் முழுக்கச் சொல்லிக்கொண்டிருந்தாள். இன்று வெயில் அடித்தது, ஏறினேன். ஏணி சறுக்கியது. வலது கால் கணுக்காலுக்கு மேலே முறிந்துவிட்டது.

போர்னியோ காட்டில் எனக்கு ஒரு கீறல் கிடையாது. ஏடனில் எனக்குப் பின்னால் வந்த வண்டி வெடித்தது; காதில் கொஞ்சம் இரைச்சல், அதோடு சரி. பெல்ஃபாஸ்டுக்கு மூன்று தடவை போய் வந்திருக்கிறேன். நார்வேப் பனியில் எத்தனையோ குளிர்காலம் சறுக்கியிருக்கிறேன். இப்போது நாற்பத்தைந்து வயதில், அறுநூறு கமாண்டோக்களின் தலைவன், தன் மனைவியின் ரோஜாச் செடி மேல் விழுந்து காலை உடைத்துக்கொண்டிருக்கிறான்.

மாவுக்கட்டு போட்ட டாக்டர் ஆவலாகக் கேட்டார். “பாராசூட்டா சார்?”

“ஏணி.”

சிரிப்பை அடக்க அவர் பட்ட பாட்டுக்கு, சிரித்தே தொலைத்திருக்கலாம்.

ஏப்ரல் 2, வெள்ளி

நம்ப முடியவில்லை. ஆறு நாள்! ஆறே நாள்!

தெற்கு அட்லாண்டிக்கில் நம் தீவுகளை அர்ஜென்டினாக்காரர்கள் பிடித்துவிட்டார்கள். காலையிலிருந்து ரேடியோவில் அதுதான். நண்பகலுக்குள் எங்கள் படைக்கும் உத்தரவு வந்துவிட்டது. விடுப்பில் போனவர்களையெல்லாம் ரயில் நிலையங்களில் மடக்கித் திருப்பி அனுப்புகிறார்கள். பாசறை முழுக்க ஓட்டமும் கத்தலும். நான் நாற்காலியில் உட்கார்ந்து காலை ஒரு பெட்டி மேல் நீட்டிக்கொண்டு எல்லோர் வழியையும் அடைத்துக்கொண்டிருந்தேன்.

சாயங்காலம் லண்டனிலிருந்து பிரிகேடியர் ஹார்கோர்ட் கூப்பிட்டார். பெரிய பதவிகளுக்கு யார் பெயர் போக வேண்டும் என்று தீர்மானிக்கும் மனிதர். என் பெயர் அடுத்த பட்டியலில் இருக்கும் என்று கிறிஸ்துமஸ் விருந்தில் என் தோளைத் தட்டிச் சொன்னவர்.

“கால் எப்படியிருக்கு ரோலி?”

“ஒரு வாரத்துல நடந்துடுவேன்.”

“டாக்டர் மூணு மாசங்கறாரு.”

“டாக்டருக்கு என்ன தெரியும்?”

“காலைப் பத்தித் தெரியும்ப்பா. கின்னியர் கூட்டிட்டுப் போகட்டும். நீ இங்க இரு. குடும்பங்களைப் பாத்துக்க ஒரு பெரிய ஆள் வேணும்.”

குடும்பங்களை! பதினெட்டு வயதில் சேர்ந்தேன். இருபத்தேழு வருஷம் இதற்காகத்தானே – ஒரு தடவை, ஒரே ஒரு தடவை, என் ஆட்களை நானே நிஜமான போருக்குக் கூட்டிப் போக. ஒவ்வொருத்தனையும் தேர்ந்தெடுத்துத் தேய்த்துக் கூர்மையாக்கியது நான். எனக்கு அடுத்த அதிகாரியான கின்னியருக்கு அதை அப்படியே தட்டில் வைத்துக் கொடுக்க வேண்டுமாம்.

ஏப்ரல் 4, ஞாயிறு

வெரிட்டியுடன் சண்டை.

பாத்திரம் கழுவிக்கொண்டே ஏதோ பாட்டு முணுமுணுத்தாள். ஏழெட்டு நாளாக இந்த வீட்டில் யாரும் பாடவில்லை. எனக்குச் சுர்ரென்றது.

“சந்தோஷமா இருக்கே போல.”

நிறுத்தினாள். துணியால் கையைத் துடைத்துவிட்டுத் திரும்பினாள். “ஆமா. சந்தோஷமாத்தான் இருக்கேன். ஒவ்வொரு தடவையும் நீ கிளம்பும்போது வாசல்ல நின்னு கையசைச்சேன், சிரிச்ச முகமா. இந்தத் தடவை நீ போகல. எனக்கு சந்தோஷம். அதுக்கு மன்னிப்புக் கேக்கணுமா?”

“என் வாழ்க்கையே போச்சு, வெரிட்டி.”

“இல்ல. உன் கால்தான் போச்சு.”

ஊன்றுகோலை எடுத்துக்கொண்டு கோபமாக வெளியேறலாம் என்று பார்த்தேன். ஊன்றுகோலோடு கோபமாக வெளியேற முடியாது. கதவு இடித்தது.

ஏப்ரல் 8, வியாழன்

படை கிளம்பிவிட்டது. வரிசையாகப் பேருந்துகள் – சவுத்தாம்டன் துறைமுகத்துக்கு. அங்கே பணக்காரர்கள் உல்லாசப் பயணம் போகும் பெரிய கப்பல் இவர்களுக்காகக் காத்திருக்கிறது. நீச்சல் குளம், நடன அறை எல்லாம் உண்டாம்.

மேஜர் கின்னியர் கடைசியாக வந்து சல்யூட் வைத்தான். ஸ்காட்லாந்துக்காரன், என்னைவிட எட்டு வயது இளையவன், எதற்கும் அவசரப்படாதவன். அந்த நிதானத்தைப் பார்த்தாலே எனக்கு எரிச்சல் வரும்.

“நீங்க பழக்கின ஆளுங்க சார். நான் சும்மா கூடப் போறேன், அவ்வளவுதான்.”

நல்லவனாக வேறு இருந்து தொலைக்கிறான்.

ஏப்ரல் 12, திங்கள்

ஈஸ்டர் விடுமுறை. பக்கத்துத் தெருவில் இருக்கும் ஓய்வுபெற்ற ஜெனரல் ப்ரிடோ தினமும் காலையில் போன் செய்து, தீவுகளில் எங்கே இறங்க வேண்டும் என்று எனக்கு விளக்குகிறார். எண்பது வயது. ஒவ்வொரு நாளும் கடைசியில் ஒரே கேள்வி: “அது சரி, நீ ஏன்ப்பா இன்னும் இங்க இருக்கே?”

ஏப்ரல் 19, திங்கள்

குடும்ப அலுவல்களைக் கவனிக்க ஸ்டான் பிக்ஃபோர்ட் இருக்கிறார். சிப்பாயாகச் சேர்ந்து காப்டனாக ஓய்வுபெற்றவர். எதையும் மெதுவாகச் செய்வார், இறைச்சி அடைத்த ரொட்டி தின்னும்போது இன்னும் மெதுவாக. இன்று எனக்கு வந்த நாட்டின் பாதுகாப்புப் பிரச்சினைகள்: ஒரு சார்ஜெண்டின் வீட்டில் கொதிகலன் புகைகிறது. ஒருவன் வங்கிக் கையெழுத்துப் போடாமல் கப்பலேறிவிட்டான். இன்னொருவன் காரை எங்கே நிறுத்தினான் என்று யாருக்கும் தெரியவில்லை, கப்பலில் இருக்கும் அவனுக்கும் ஞாபகமில்லை.

அப்புறம் திருமதி இவோன் லஸ்கம். கார்ப்போரல் டெரி லஸ்கமின் மனைவி. இங்கே பிளிமத்திலேயே பிறந்து வளர்ந்தவள், முப்பது வயதிருக்கும். கதவைத் தட்டாமல் வந்தாள். சிகரெட்டோடு.

“எங்களுக்குச் சேதி எப்படி வரும்னு கேக்க வந்தேன்.”

“என்ன சேதி, மிசஸ் லஸ்கம்?”

“என்ன சேதின்னு உங்களுக்கே தெரியும். ஏதாச்சும் ஆனா, நீங்க வந்து சொல்வீங்களா, இல்ல நான் பாத்திரம் தேய்ச்சிட்டிருக்கும்போது ரேடியோ சொல்லுமா?”

“முறைப்படி அதிகாரி ஒருத்தர் நேர்ல வந்து –”

“முறைப்படி எங்க வீட்டுச் சுவர்ல ஈரம் வரக் கூடாது. வந்து பாருங்க.”

போன பிறகு ஸ்டான் சொன்னார்: “லஸ்கம் ரெண்டு பேர் சார் நம்மகிட்ட. இது டெரியோட சம்சாரம். இன்னொருத்தன் ட்ரெவர், அவனும் கார்ப்போரல். சொந்தமில்ல. ஆத்துக்கு அக்கரையில டார்பாயிண்ட்ல குடியிருக்கான். அவன் சம்சாரம் பேசவே பேசாது, தங்கமான பொண்ணு.”

பேசாத லஸ்கமை என் கணக்கில் விட்டுவிட்டு, பேசும் லஸ்கமை அவர் வைத்துக்கொள்ளட்டும் என்றேன்.

ஏப்ரல் 27, செவ்வாய்

கம்பளிக் குல்லாய்கள். டெவன் மாவட்டத்துப் பெண்கள் எல்லோரும் சேர்ந்து பின்னியிருக்கிறார்கள். மூட்டை மூட்டையாக. பாதி இளஞ்சிவப்பு. எதிரி நம்மைத் தூரத்திலேயே பார்க்க வேண்டும் என்ற நல்லெண்ணம் போலிருக்கிறது. நன்றி சொல்லும் வேலையும் என்னுடையதே.

மே 22, சனி

இறங்கிவிட்டார்கள். நேற்று விடியலில் கரையில் கால் வைத்துவிட்டார்கள். எங்கள் ஆட்கள் எல்லோரும் பத்திரம்.

தொலைக்காட்சியில் ஒரு வரைபடமும் ஒரு அம்புக்குறியும். அந்த அம்புக்குறி நான் இருந்திருக்க வேண்டிய இடம். வெரிட்டி என் கையைப் பிடித்துக்கொண்டாள். உதறவில்லை. ஆனால் பிடித்துக்கொள்ளவும் இல்லை.

மே 26, புதன்

எந்த முட்டாள் எடுத்த முடிவு இது? “நம் கப்பல் ஒன்று மோசமாகத் தாக்கப்பட்டிருக்கிறது” என்று மட்டும் நேற்று அறிவித்துவிட்டுப் போய்விட்டார்கள். எந்தக் கப்பல்? பெயர் இல்லை. இந்த ஊரில் வீட்டுக்கு வீடு ஒருவன் கப்பலில் இருக்கிறான். காலையில் பாசறை வாசலில் நாற்பது ஐம்பது பெண்கள், குழந்தைகளோடு. என்னிடமும் பெயர் இல்லை. பத்திரிகையில் படித்துத்தான் எனக்கும் தெரியும் என்று எப்படிச் சொல்வது? சொன்னேன். யாரும் நம்பவில்லை.

இவோன் பெஞ்சு மேல் ஏறி நின்றுவிட்டாள். “ஒவ்வொரு சனிக்கிழமையும் நாம இங்க கூடுவோம். சேதி இருந்தாலும் இல்லாட்டியும் கர்னல் நம்ம முன்னால வந்து நிக்கணும். இல்லேன்னா நான் பத்திரிகைக்காரனைக் கூப்பிடுவேன்.”

கைதட்டல். நான் ஒரு கையால் சுவரைப் பிடித்துக்கொண்டு நின்றேன்.

லண்டனுக்குத் தெரிந்துவிட்டது. ஹார்கோர்ட்: “அந்தப் பொம்பளையை அடக்க முடியாதா உன்னால?”

“அறுநூறு ஆம்பளைங்களை அடக்கினவன் நான். இவங்க என்னோட உத்தரவுக்குக் கட்டுப்பட்டவங்க இல்ல சார்.”

ஜூன் 5, சனி

மாவுக்கட்டு எடுத்தாயிற்று. கைத்தடி ஒன்று. கால் தோலுரித்த கோழி மாதிரி இருக்கிறது.

உடற்பயிற்சிக் கூடத்தில் கூட்டம். சொல்வதற்கு ஒன்றுமில்லை என்பதைப் பத்து நிமிடம் சொன்னேன். பிறகு தேநீர். ட்ரெவர் லஸ்கமின் மனைவி ரொவீனாவை முதல் தடவையாகப் பார்த்தேன். இருபத்திரண்டு வயதிருக்கும். மருந்துக்கடையில் வேலை. “தேங்க்ஸ் சார்” என்றாள், எதற்கென்று தெரியவில்லை. இவோன் என் தேநீரைப் பற்றிக் குறை சொன்னாள்.

ஜூன் 13, ஞாயிறு

நேற்றைப் பற்றி எழுத வேண்டும். நேற்று எழுத முடியவில்லை.

காலை ரேடியோவில், மலைகளைப் பிடித்துவிட்டார்கள் என்று சொன்னான். எங்கள் படையின் பெயரையும் சொன்னான். கின்னியர் இருட்டில் பின்பக்கமாகச் சுற்றிக் கூட்டிப் போய் உச்சியைப் பிடித்திருக்கிறான். நானாக இருந்தால் முன்பக்கமாகப் போயிருப்பேன். முன்பக்கமாகப் போயிருந்தால் எத்தனை பேர் – வேண்டாம். அதை நினைக்கக் கூடாது. ஆனால் நினைக்கிறேன்.

கூட்டத்துக்குப் பெண்கள் வந்துகொண்டிருந்தபோது லண்டனிலிருந்து ஒரு அதிகாரி போன் செய்தார். எங்கள் படையில் ஒரு மரணம். கார்ப்போரல் டி. லஸ்கம்.

“எந்த டி. லஸ்கம்?”

“ஒருத்தன்தானே?”

“ரெண்டு பேர் சார். டெரி, ட்ரெவர். அவன் படை எண் சொல்லுங்க.”

காகிதம் புரட்டும் சத்தம். செய்தி வழியில் சிதைந்திருக்கிறது, எண் முழுதாக இல்லை. மறுபடி கேட்டிருக்கிறார்கள், பதில் வர நேரமாகும்.

ஹார்கோர்ட் லைனுக்கு வந்தார். “உறுதியாகற வரைக்கும் ஒரு மூச்சு விடக் கூடாது. உத்தரவு இது. புரியுதா?”

“புரியுது சார்.”

போய்க் கூட்டத்தின் முன் நின்றேன். மலையைப் பிடித்தாயிற்று என்றேன். அடிபட்டவர்கள் விவரம் வந்துகொண்டிருக்கிறது என்றேன். ரொவீனா வரவில்லை, அவளுக்குச் சனிக்கிழமை கடையில் வேலை. இவோன் முதல் வரிசையில். நான் கூடத்தில் இருந்த எல்லோரையும் பார்த்தேன், கூரையைப் பார்த்தேன், சுவரில் தொங்கும் கயிற்றேணியைப் பார்த்தேன்.

முடிந்ததும் அவள் என் பின்னாலேயே அலுவலகத்துக்கு வந்து கதவைச் சாத்தினாள்.

“எல்லாரையும் பாத்தீங்க. என்னை மட்டும் பாக்கல.”

“மிசஸ் லஸ்கம், இப்ப –”

“என் புருஷனா?”

ஒரே ஒரு பொய் போதும். ‘இல்லை’ என்று சொல்லியிருக்கலாம். ‘தெரியாது’ என்று சொல்லியிருந்தால் பொய்கூட இல்லை. என் வாயிலிருந்து வந்தது இது:

“ஒரு லஸ்கம் செத்துட்டான். எந்த லஸ்கம்னு எனக்குத் தெரியாது. அவங்களுக்கும் தெரியல. கேட்டிருக்கோம்.”

அவள் கத்துவாள் என்று நினைத்தேன். நாற்காலியை இழுத்து உட்கார்ந்தாள்.

“அந்த டார்பாயிண்ட் பொண்ணுக்குச் சொல்லிட்டீங்களா?”

“இல்ல.”

“சொல்லாதீங்க. தெரியற வரைக்கும் நான் ஒருத்தி தவிக்கறது போதும்.”

அப்புறம் காத்திருந்தோம். வேறென்ன செய்ய? ஸ்டான் தேநீர் கொண்டுவந்தார். அவள் குடித்துவிட்டு முகம் சுளித்தாள். “இதையா எங்க ஆளுங்களுக்கும் கொடுத்தீங்க? போருக்குப் போகாம என்ன பண்ணுவாங்க.” சிகரெட் மேல் சிகரெட். டெரி பூனைக்குட்டி வாங்கித் தரமாட்டேன் என்று சொன்னதற்காகக் கிளம்புகிற அன்று காலை அவனோடு பேசவில்லையாம். பேருந்து நகர்ந்தபோது கை மட்டும் காட்டினாளாம். “சரியாக்கூடக் காட்டல. இப்படி.” காட்டினாள். விரல் நுனி மட்டும் அசைந்தது.

நடுவில் ஜெனரல் ப்ரிடோ போன் செய்தார், மலையைப் பிடித்ததற்கு வாழ்த்துச் சொல்ல. மணி அடித்ததும் இரண்டு பேரும் எழுந்துவிட்டோம். அந்த மனிதரிடம் நான் என் வாழ்நாளில் எந்த ஜெனரலிடமும் பேசாத பாஷையில் பேசினேன்.

கடைசியில் வந்தது. ட்ரெவர்.

போனை வைத்துவிட்டு “டெரி இல்ல” என்றேன். அவள் சிரித்தாள். பெரிய சிரிப்பு, உடம்பே குலுங்கிற்று. அடுத்த நிமிடம் என் குப்பைக்கூடையில் வாந்தி எடுத்தாள். துடைத்துக்கொண்டு நிமிர்ந்து, “சிரிச்சுட்டேனே, சிரிச்சுட்டேனே” என்று சொல்லிக்கொண்டேயிருந்தாள். பிறகு என்னைப் பார்த்தாள், வெறுப்பாக.

“எதுக்கு எங்கிட்ட சொன்னீங்க? நான் கேட்டா சொல்லிடறதா?”

நானும் படையின் பாதிரியாரும் காரில் கிளம்பினோம், வெரிட்டிதான் ஓட்டினாள். அக்கரைக்குக் கார்களையும் ஏற்றிப் போகும் சங்கிலிப் படகில் போக வேண்டும். சனிக்கிழமை, வரிசை மலைமேல் வரை நின்றது. முன்னால் ஒரு வண்டி நிறையக் கடற்கரைக்குப் போகும் கூட்டம், வாளியும் மண்வெட்டியுமாக. படகுக்காரன் என் சீருடையைப் பார்த்துவிட்டுக் கண்ணாடியைத் தட்டினான். “பின்னியெடுத்துட்டாங்களாமே நம்ம பசங்க! ஜெயிச்சாச்சு சார்!” பாதிரியார் ஆமாம் என்று தலையசைத்தார். வெரிட்டி ஸ்டியரிங்கை இறுகப் பிடித்துக்கொண்டிருந்தாள்.

மருந்துக்கடையில் நான்கைந்து பேர் நின்றார்கள். கதவு மணி கிணுகிணுவென்று அடித்ததும் ரொவீனா நிமிர்ந்தாள். என்னைப் பார்த்தாள். பாதிரியாரைப் பார்த்தாள்.

“கொஞ்சம் இருங்க சார்,” என்றாள். “இவங்களை முடிச்சு அனுப்பிடறேன்.”

நான் இருந்தேன். ஒரு கிழவருக்கு இருமல் மருந்து. ஒரு அம்மாளுக்குக் கண் சொட்டு மருந்து – எத்தனை வேளை போட வேண்டும் என்று அவள் இரண்டு தடவை பொறுமையாகச் சொன்னாள். சில்லறையை எண்ணிக் கொடுத்தாள். கடைசி ஆள் வெளியே போகும் வரை எங்கள் பக்கம் திரும்பவே இல்லை. அதுவரை அவன் உயிரோடிருந்தான்.

இதற்கு மேல் எழுத முடியாது.

ஜூன் 15, செவ்வாய்

போர் முடிந்தது. சரணடைந்துவிட்டார்கள். தெருவெல்லாம் கார் ஹாரன் சத்தம்.

ஜூன் 24, வியாழன்

எதிர்பார்த்ததுதான். இவோனின் அப்பா துறைமுகத்தில் காவல் வேலை பார்த்து ஓய்வுபெற்றவர். பத்திரிகைக்குப் போயிருக்கிறார். “உறுதியாகாத சாவுச் செய்தியைச் சொல்லி என் மகளை வதைத்தார் கர்னல்” – மூன்றாம் பக்கத்தில், என் போட்டோவோடு. கைத்தடியோடு நிற்கும் போட்டோ. எங்கே பிடித்தார்களோ.

இவோனே வந்தாள். “நான் கொடுக்கல. அப்பாகிட்ட அழுதேன், அவரு போயிட்டாரு.”

“நீங்க அழாம இருந்திருக்க முடியாது.”

“உங்க பக்கம் பேசவும் மாட்டேன். நீங்க சொன்னது தப்புன்னு ஒரு நாள் தோணுது, சொல்லாம இருந்திருந்தா உங்களைக் கொன்னிருப்பேன்னு அடுத்த நாள் தோணுது. பத்திரிகைக்காரன்கிட்ட எதைச் சொல்றது?”

எனக்கும் தெரியவில்லை.

ஜூலை 1, வியாழன்

லண்டன் போய் ஹார்கோர்ட்டின் முன் நின்றேன். உட்காரச் சொல்லவில்லை.

“ஒரே ஒரு உத்தரவு கொடுத்தேன். வாயை மூடிட்டு இருன்னு. ஒரு சிப்பாய்கூடச் செஞ்சிருப்பான்.”

“ஆமா சார்.”

“அவ ஏதோ தானே கண்டுபிடிச்சிட்டான்னு எழுதிக்கொடு. நீ சொல்லலேன்னு. இதை நான் மூடிடறேன். பட்டியல் என் மேசைலதான் இருக்கு, ரோலி.”

கனிவாகத்தான் சொன்னார். அதுதான் கஷ்டமாக இருந்தது.

“நான்தான் சொன்னேன் சார்.”

“எதுக்கு சொன்னே?”

“நேரா கேட்டா சார். பொய் சொல்ல வரல.”

ஜன்னலைப் பார்த்து நீளமாக மூச்சு விட்டார். “இருபத்தேழு வருஷம். ஒரு கார்ப்போரல் பொண்டாட்டிக்காக.”

ரயிலில் திரும்பி வரும்போது முழுக்க அவருக்குச் சொல்ல வேண்டிய பதில்கள் தோன்றிக்கொண்டே வந்தன. எல்லாம் நல்ல பதில்கள். எக்ஸெட்டர் நிலையம் தாண்டியும் அவை நிற்கவில்லை. அட, தூ!

ஜூலை 12, திங்கள்

நேற்று கப்பல் சவுத்தாம்டனை அடைந்தது. பேருந்துகளில் பிளிமத் வந்தார்கள். வழி நெடுக ஜனம், பாலங்களில் எல்லாம் படுக்கை விரிப்பில் வரவேற்பு எழுதித் தொங்கவிட்டிருந்தார்கள். பாசறை மைதானத்தில் பேண்டு வாத்தியம். நான் சீருடையில், கைத்தடியில்லாமல், எல்லோருக்கும் முன்னால் நிற்க வேண்டும். கின்னியர் எனக்கு சல்யூட் வைத்துப் படையை ஒப்படைப்பான். மூன்று மாதமாக அந்த நொடியை நினைத்துப் பல்லைக் கடித்துக்கொண்டிருந்தேன்.

ரொவீனா வருகிறேன் என்று சொல்லியிருந்தாள். வேண்டாம் என்றேன். “அவன்கூட இருந்தவங்க இறங்கறதைப் பாக்கணும் சார்” என்றாள். ஸ்டானின் பக்கத்தில் நிற்க வைத்திருந்தேன்.

முதல் பேருந்து நின்றது. பெண்கள் கயிற்றைத் தாண்டி ஓடினார்கள். இவோன் டெரி மேல் விழுந்த வேகத்தில் அவன் தொப்பி பறந்தது. இரண்டாவது பேருந்தில் ட்ரெவரின் கூட்டாளிகள். இறங்கியதும் ரொவீனாவைப் பார்த்துவிட்டார்கள். அப்படியே நின்றுவிட்டார்கள், திரும்பிப் பேருந்துக்குள் ஏறிவிடுவார்கள் போல. தங்கள் மனைவிமாரைக்கூடத் தொடவில்லை. அவள் ஒவ்வொருத்தனாகப் போய்க் கை குலுக்கினாள். கடைசி ஆளிடம் வந்தபோது அவள் கை எழவில்லை.

என்னைத் திரும்பிப் பார்த்தாள். “சார், இங்கிருந்து போயிடணும்.”

கின்னியர் மைதானத்தின் அந்தப் பக்கத்திலிருந்து என்னை நோக்கி நடந்து வந்துகொண்டிருந்தான், நேராக. பேண்டு நின்றது. எல்லோரும் பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

நான் ரொவீனாவின் முழங்கையைப் பிடித்துக்கொண்டு பக்கவாட்டு வாசல் வழியாக வெளியே போய்விட்டேன்.

படகில் அவளோடு அக்கரைக்குப் போனேன். அவள் வீட்டில் நான் தேநீர் போட்டேன், டப்பாக்கள் எங்கே இருக்கின்றன என்று தெரியாமல் எல்லாக் கதவையும் திறந்து. ட்ரெவரின் காலணிகள் பின்கதவுக்குப் பக்கத்தில் இருந்தன. அவற்றைத் தாண்டித்தான் குப்பையைப் போட வேண்டியிருந்தது.

சாயங்காலம் கின்னியர் வீட்டுக்கே வந்தான். வெயிலில் கறுத்து, மெலிந்து, வயதாகி. என்ன சொல்வான் என்று காத்திருந்தேன். “நீங்க போனதைப் பார்த்தேன் சார். நானும் அதைத்தான் செஞ்சிருப்பேன்” என்றான். அப்புறம் மலையைப் பற்றிக் கேட்டேன். பின்பக்கமாக ஏன் போனான் என்று. சொன்னான். அவன் சொன்னது சரி. நான் விஸ்கி ஊற்றினேன்.

ஆகஸ்ட் 20, வெள்ளி

பட்டியல் வந்தது. கின்னியருக்குப் பதக்கமும் படையின் தலைமையும். என் பெயர் இல்லை. எனக்கு வடக்கே ஏதோ கிடங்கில் கணக்குப் பார்க்கும் வேலை, ஓய்வு வரை.

வெரிட்டி, “வருத்தமா?” என்றாள்.

“எரிச்சலா இருக்கு.”

“அப்ப சரியாத்தான் இருக்கே.”

செப்டம்பர் 1, புதன்

வடக்கே போகமாட்டேன் என்று சொல்லிவிட்டேன். ஓய்வு எழுதிக்கொடுத்துவிட்டேன். வீட்டில் உட்கார்ந்து என்ன செய்யப் போகிறேன் என்று கேட்ட எல்லோரிடமும் கத்தினேன், ப்ரிடோ உட்பட.

செப்டம்பர் 14, செவ்வாய்

காலையில் போன். இவோன்.

“யாரைக் கூப்பிடறதுன்னு தெரியல. நீங்க இப்ப கர்னல்கூட இல்லைங்கறாங்க.”

“என்ன ஆச்சு?”

“டெரி தினமும் வேலைக்குப் போறேன்னு கிளம்பறாரு. போறதில்ல. தெருமுனைல காரை நிறுத்திட்டு அதுலயே உக்காந்திருக்காரு. சாயந்தரம் வந்து நாள் நல்லாப் போச்சுங்கறாரு. டாக்டர் வேணாங்கறாரு. கூட்டாளிங்க வந்தா குடிச்சுட்டு ஜோக் அடிக்கறாங்க, எங்கிட்ட ஒரு வார்த்தை இல்ல.”

போனேன். நீலக் கார், கண்ணாடியெல்லாம் ஏற்றிவிட்டிருந்தது. டெரி ஸ்டியரிங்கில் கை வைத்துக்கொண்டு முன்னால் பார்த்துக்கொண்டிருந்தான். பக்கத்துக் கதவைத் திறந்து ஏறி உட்கார்ந்தேன். பள்ளிக்கூடப் பிள்ளைகள் போனார்கள். பால் வண்டி போயிற்று. தூறல் விழ ஆரம்பித்தது.

நெடுநேரம் கழித்துக் கேட்டான். “சார், நீங்க அங்க வரலியே.”

முன்பென்றால் அந்த வார்த்தை என்னைக் கொன்றிருக்கும்.

“இல்லப்பா. வரல.”

தலையை ஆட்டினான். கையை ஸ்டியரிங்கிலிருந்து எடுத்து மடியில் வைத்துக்கொண்டான்.

“அப்படின்னா உங்ககிட்ட சொல்லலாம்,” என்றான்.

மதியம் சாப்பிடக்கூட வீட்டுக்குப் போகாமல் கேட்டுக்கொண்டிருந்தேன்.